பன்னிரண்டடி விஷயமாக எம்.எல்.ஏ. மாப்பிள்ளைக்கு

மாண்புமிகு சட்டமன்ற உறுப்பினரும், என் தங்கையின் கணவரும், பதினோரு வருடம் என் வக்கீலாக இருந்தவருமான மாப்பிள்ளை அவர்களுக்கு, இரும்புக்கடை மச்சான் எழுதிக்கொள்வது. இங்கு நானும் கடையும் நலம். கடை இன்னும் எத்தனை நாள் நலமாக இருக்கும் என்பதை உங்களைத்தான் கேட்க வேண்டும். அங்கு உங்கள் உடம்பும் தொண்டையும் நலமா? தொண்டையைத் தனியாக விசாரிக்கக் காரணம் இருக்கிறது.

போன வியாழக்கிழமை நீங்கள் சபையில் பேசப்போகிறீர்கள் என்று கடையில் டி.வி.யைப் போட்டு, எதிர்க்கடைத் தையல்காரரையும் லாரி புரோக்கரையும் கூப்பிட்டு உட்காரவைத்து, டீயும் வாங்கிக் கொடுத்து, "எங்க மாப்பிள்ளை பேசப்போறார், வாயை மூடிட்டுக் கேளுங்கய்யா" என்று காலரைத் தூக்கிவிட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். நீங்கள் எழுந்து சபாநாயகரைப் பார்த்து, "கனம் கோர்ட்டார் அவர்களே" என்றீர்கள். சபை சிரித்தது, நாங்களும் சிரித்தோம், பழக்கதோஷம், போகட்டும். அடுத்து நம் கடைவீதியை அகலப்படுத்தக் கேட்டீர்கள். அதுவும் போகட்டும், தேர்தல் நோட்டீஸில் அந்த வாக்குறுதியை எழுதியதே நான்தான். நோட்டீஸில் இருப்பதை யார் செய்யப்போகிறார்கள் என்ற தைரியத்தில் எழுதினேன். அப்போதுதான் எதிர்வரிசையில் ஒருவர் எழுந்து, "உறுப்பினரோட மச்சான் கடையே ரோட்டுப் பக்கம் பன்னிரண்டடி நீட்டிட்டு நிக்குதாமே, அது யாரோட இடம்?" என்று கேட்டுவிட்டார்.

எனக்குப் பயமே வரவில்லை, மாப்பிள்ளை. நகராட்சி போட்ட கேஸில் நீதிபதி இதே கேள்வியைக் கேட்கும் நாளே வராமல் பதினோரு வருடம் பார்த்துக்கொண்டவர் நீங்கள். ஒரு நாள் தொண்டை கட்டியிருக்கும், ஒரு நாள் வேறு கேஸ் கட்டு மாறி வந்திருக்கும், ஒரு நாள் வரைபடத்தில் வடக்கு எது என்று தெரியாது. "இப்ப பாருங்க, இருமுவார், வாய்தா வாங்கிடுவார்" என்று தையல்காரரிடம் சொன்னேன். நீங்கள் இருமவில்லை. ஒரு வாய் தண்ணீர்கூடக் குடிக்காமல், "ரோட்டோட இடம்" என்றீர்கள்.

லாரி புரோக்கர் டீ கிளாஸைக் கீழே வைத்துவிட்டு, "முதலாளி, உங்க வக்கீல் நல்லாத்தான் பேசுறார். யாருக்காகப் பேசுறார்னுதான் புரியல" என்றார்.

உங்களுக்குப் போன் போட்டுக் கத்தினேன். "மச்சான், கோர்ட்ல ஒரு பொய்யாவது சொல்லிருக்கேனா? டைம்தானே கேட்டேன். யாரும் நேரா கேக்கல, இப்ப கேட்டுட்டாங்க. அங்க உங்களுக்கு மட்டும் வக்கீல். இங்க அந்த ஆட்டோவுல துடிச்ச பொண்ணுக்கும் நான்தான் வக்கீல்" என்றீர்கள். எந்த ஆட்டோ என்று தெரியாத மாதிரி போனை வைத்தேன். தெரியும். நாம் ஓட்டுக் கேட்டுப் போன அன்று, என் கடை முனையில் இரும்பு லாரி திரும்ப முடியாமல் நிற்க, பின்னால் பிரசவ வலியோடு ஒரு பெண் அரை மணி நேரம் ஆட்டோவில் கிடந்தாள். நீங்கள் ஓடிப்போய் வண்டிகளை ஒதுக்கிவிட்டீர்கள். நான், 'பிரசாரத்துக்கு நேரமாகுதே' என்று கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

தங்கையிடம் முறையிட்டால், "பொய் சொல்லத் தெரியாத பையன்னு நீங்கதானே அண்ணே எனக்குக் கட்டி வெச்சீங்க?" என்கிறாள்.

உங்கள் இடத்தில் ஒரு புது வக்கீலைப் பிடித்தேன். அவர் வாய்தா கேட்காமல், நம் பக்கம் நியாயம் இருப்பதாக வாதாடினார். கால் மணி நேரத்தில் தோற்றோம். மாதக் கடைசிக்குள் இடிக்க உத்தரவு.

தப்பு என்னுடையதுதான். எம்.எல்.ஏ. வீட்டுக் கடையை எவன் தொடுவான் என்று கணக்குப் போட்டுத்தானே, மாட்டேன் மாட்டேன் என்றவரைப் பிடித்துத் தேர்தலில் நிற்கவைத்தேன். நல்ல வக்கீலை நானே விரட்டிவிட்டேன். நாலு மணிக்குக் கடை மாடியில் உங்கள் வக்கீல் ஆபீஸிலிருந்து, "மச்சான், ரெண்டு டீ!" என்று ஒரு குரல் வரும், அதுவும் போச்சு. இப்போதும் கை தானாக இரண்டு விரலைக் காட்டிவிடுகிறது. இரண்டையும் நானே குடிக்கிறேன். சர்க்கரை ஏறிவிட்டதென்று டாக்டர் திட்டுகிறார்.

ஆகவே, மாடி அறையைப் பல் டாக்டருக்கு விடுகிறேன். உங்கள் பலகையைக் கழற்றிவிடுவேன். இனிமேல் என் வாசலை மிதிக்க வேண்டாம். மிதிக்க வாசலும் இருக்காது.

தங்கைக்கும் குழந்தைகளுக்கும் என் ஆசிகள். தாங்கள் தொண்டை கட்டாமல் நீடூழி வாழ்க.

இப்படிக்கு,
தங்கள் முன்னாள் கட்சிக்காரன்.

பின்குறிப்பு: மேலே எழுதிய எதையும் மனதில் வைத்துக்கொள்ள வேண்டாம். கடிதத்தைத் தபாலில் போடாமல் நாலு நாள் சட்டைப்பையிலேயே வைத்திருந்தேன். இன்று காலை நானே ஆள் வைத்து முன்பக்கத்தை எடுத்துவிட்டேன். நகராட்சி இடித்தால் தகரம் நெளிந்துபோகும், நாம் கழற்றினால் முழுசாக வரும், அவ்வளவுதான், வேறு காரணம் கற்பிக்க வேண்டாம். மத்தியானம் இரும்பு லாரி ஒரே ஒடிப்பில் திரும்பியது. டிரைவர் என்னைப் பார்த்துக் கும்பிட்டான். இத்தனை வருடம் அந்த முனையில் என்னைத் திட்டாத டிரைவர் இல்லை. எனக்கு எங்கே பார்ப்பதென்றே தெரியவில்லை. பல் டாக்டரிடம் அறை இல்லை என்று சொல்லிவிட்டேன். பலகையைத் துடைத்து மாட்டியிருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை நாலு மணிக்கு வாருங்கள். மாடிப்படியில் கீழ் இரண்டு படி இடிபாட்டோடு போய்விட்டது, காலைப் பார்த்து வைக்கவும்.