சாலம்மாளின் மனு

பனிக்காலம் வந்தால் மரக்காணம் உப்பளங்களில் எத்தனையோ வெளிநாட்டுப் பறவைகள் இறங்கும். எண்ணிப் பட்டியல் போட ஆட்கள் வருவார்கள். வருஷம் முழுக்க இங்கேயே உட்கார்ந்திருக்கும் ஓர் இனம் மட்டும் அந்தப் பட்டியலில் விட்டுப்போயிருக்கிறது: அபத்த நாடக ஆசிரியர்.

மாதிரிக்கு எங்கள் வெற்றிச்செல்வனை எடுத்துக்கொள்ளுங்கள். சித்திரை வெயிலிலும் கறுப்பு ஜிப்பா. அவருடைய முதல் நாடகத்தில் ஒரு பாடை காலியாகக் கிடக்கும். அதில் யார் படுப்பது என்று ஒரு குடும்பமே ஒன்றரை மணி நேரம் சண்டை போடும். பக்கத்தில் இரும்பை கிராமத்து மண்டபம் ஒன்றில் போட்டபோது இரண்டு வெள்ளைக்காரர்கள் கைதட்டினார்கள்; அவர்கள் தட்டினார்களே என்று நாங்களும் தட்டினோம். இரண்டாவது நாடகத்தில் மேடைக்கு யாருமே வரவில்லை. விருது வந்தது.

நாம் சிரித்தால், “அது சிரிக்கிற எடம் இல்லீங்க” என்பார். சிரிக்காவிட்டால், “உங்களுக்கு டார்க் காமெடி பிடிபடல” என்பார். பிறகு மனுஷன் முகத்தை எப்படித்தான் வைத்துக்கொள்வது? பல்வலி, வராத பஸ், பக்கத்து வீட்டுச் சாவு, எதைச் சொன்னாலும் “அடடா, என்ன அபத்தம்!” என்று பரவசப்பட்டு நோட்டை எடுத்துவிடுவார்.

போன வருஷம் அவரிடம் போய் நின்றாள் உப்பளத்து சாலம்மாள். முப்பது வருஷம் உப்பு வாரி அவள் விரல் ரேகை தேய்ந்துவிட்டது. விரலை வைத்தால், இது சாலம்மாளே கிடையாது என்று ரேஷன் கடை மிஷின் சாதித்தது. கார்டில் இருப்பதும் அவள் ஒருத்திதான். இரண்டு மாதமாக அரிசி இல்லை.

“மனு குடுத்தாதான் வேற வழி பண்ணுவாங்களாம் தம்பி. நீ நல்லா எழுதுவியாமே, ஒண்ணு எழுதிக் குடேன்.”

அவர் கண் கலங்கியது. நிஜமாகவே கலங்கியது, அதில் நான் குறை சொல்ல மாட்டேன். “நானே எழுதறேன்க்கா. வேற யார்கிட்டயும் இத சொல்லிடாதீங்க!”

சோறு தண்ணி மறந்து எழுதினார். மூன்று மாதத்தில் நாடகம் தயார். மேடையில் ஒரு ராட்சத மிஷின்; அதன்முன் ஒரு பெண் எழுபது நிமிஷம் விரலை நீட்டிக்கொண்டே நிற்பாள். அரங்கேற்றத்துக்குத் தலைமை யார் தெரியுமா? மனு போய்ச் சேரவேண்டிய அதே சப்ளை ஆபீஸர்! கைக்குட்டை நனைய அழுதுவிட்டு, “என்னா கற்பனை சார் உங்களுக்கு!” என்றார்.

சாலம்மாளையும் மேடையேற்றிச் சால்வை போர்த்தினார்கள். அவள் அதை மடித்து அக்குளில் இடுக்கிக்கொண்டு, “மனு குடுத்துட்டியா தம்பி?” என்று கேட்டாள்.

“இந்த நாடகமேதான்க்கா மனு!”

“அப்ப ஆபீஸர் பக்கத்துலதான நிக்கிறாரு, அதுல ஒரு கையெழுத்து வாங்கிக் குடுத்துடு. நாளைக்கே கடைக்குப் போறேன்.”

வெற்றிச்செல்வன் நோட்டை எடுத்தார். அடுத்த ஊரில் நாடகம் அந்த வசனத்தோடு முடிந்தது. பலத்த கைதட்டல் என்று கேள்வி.

எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. அதனால்தான் உட்கார்ந்து இதை எழுதினேன். நாலு தடவை அடித்துத் திருத்தி, அவள் சொன்னதை அப்படியே போட்டிருக்கிறேன். நீங்களும் இரண்டு இடத்தில் சிரித்து, ஓர் இடத்தில் “பாவம்” என்றிருப்பீர்கள். மனுவை மட்டும் இன்னும் யாரும் எழுதவில்லை. எழுதினால் ஒரு பக்கம்தான் வரும்.

உங்களுக்குக் கறுப்பு ஜிப்பா என்ன அளவு? எனக்குத் தைக்கக் கொடுக்கும்போது சேர்த்தே கொடுத்துவிடுகிறேன்.