தப்பு அடிக்காத ஞாயிறு

உயிரோடிருந்த ஒருவருக்குச் சாவு மேளம் அடிக்க வைத்தவன் நான். இன்று சொன்னால் சிரிக்கிறார்கள். அன்றைக்கு எனக்குச் சிரிப்பு வரவில்லை.

ஐம்பதுகளின் நடுவில், எஸ்.எஸ்.சி. தோற்றுவிட்டு, இலங்கை மலையகத்தில், கொட்டகலைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டமொன்றில் அக்கா வீட்டில் சோறு தின்றுகொண்டிருந்தேன். கடைவீதியில் வாங்கிய பழைய மனோவசியப் புத்தகம்தான் என் ஒரே சொத்து. (பரீட்சைக்கு அப்படிப் படித்திருந்தால் கிளாக்கராகியிருப்பேன்.) ஒரு ஞாயிறு காலை மச்சான் வீரசாமிக்குத் தாங்க முடியாத பல்வலி. தோட்டத்து டாக்டரையா இல்லை. வலி தெரியாமல் தூங்க வைக்கிறேன் என்று அவர் முன்னால் போய் உட்கார்ந்தேன்.

பித்தளைச் செம்பின் விளிம்பையே பார்க்கச் சொன்னேன். விழிக்க வைப்பதற்கு, ஆள் தினமும் கேட்டு எழும்பும் சத்தமொன்றைச் சொல்லிவைக்க வேண்டும் என்றது புத்தகம். தொழிலாளர்கள் வரிசை வீடுகளில் குடியிருந்த எங்கள் லயத்தில் அப்படி ஒரே சத்தம்தான்: விடியலில் எல்லோரையும் வேலைக்கு, பேர் பதியும் பெரட்டுக்களத்துக்கு அழைக்கும் தப்பு மேளம். “தப்புச் சத்தம் கேட்டாத்தான் எந்திரிக்கணும் மச்சான்” என்றேன். தூங்கிவிட்டார். எனக்குப் பெருமை தாங்கவில்லை.

மத்தியானம் சாப்பிட எழுப்பினோம். அசையவில்லை. கண்கள் பாதி திறந்திருந்தன, இமைக்கவேயில்லை. வாசல் வழியே மூடுபனி உள்ளே வந்து அவர் முகத்தின் மேல் நின்றது. அக்கா உலுக்கினாள். உதடு மட்டும் அசைந்தது.

“தப்பு இன்னும் அடிக்கலயே.”

அது மச்சானின் குரலே இல்லை. அப்போதுதான் எனக்கு உறைத்தது: ஞாயிற்றுக்கிழமை பெரட்டும் இல்லை, தப்பும் இல்லை. வேறு விதமாக எழுப்புவது எப்படி என்று புத்தகத்தைப் புரட்டினேன். அந்தப் பக்கம் கிழிந்திருந்தது.

“எம் புருசன எழுப்பிக் குடுடா” என்றாள் அக்கா.

தப்படிக்கும் சின்னையா அண்ணனிடம் ஓடினேன். மச்சான் எழும்பவில்லை, தப்பு அடியுங்கள் என்றுதான் சொல்ல முடிந்தது. மீதியெல்லாம் அழுகையாக வந்தது. வேலையில்லாத நாளில் அழுதுகொண்டு வந்து தப்பு கேட்டால் அவர் என்ன நினைப்பார்? தலைத்துண்டை அவிழ்த்தார். சாவுக்கு அடிக்கும் அடியை அடித்துக்கொண்டே லயத்துக்கு வந்தார்.

சத்தம் கேட்டு லயமே எங்கள் வாசலில் திரண்டது. பெண்கள் ஒப்பாரியைத் தொடங்கிவிட்டார்கள். அதற்கு நடுவே மச்சான் மெல்ல எழுந்து உட்கார்ந்து, “யாருங்க செத்தது?” என்று கேட்டார்.

எல்லோரும் அவரையே காட்டிவிட்டு ஓட்டம் பிடித்தார்கள். அக்கா விளக்குமாற்றைத் தேடினாள். (அந்த நேரத்தில், பல்வலி போய்விட்டதா என்று நான் கேட்டிருக்கக் கூடாது.)

அதன்பிறகு மச்சான் எங்கே கண்ணயர்ந்தாலும், தப்பு அடிக்க ஆள் அனுப்பவா என்பதுதான் வீட்டில் கேலி. பல வருடம் கழித்து அவர் உண்மையாகவே போய்விட்டார். வாசலில் தப்பு முழங்கியபோது ஒருவரும் அழவில்லை. எல்லோரும் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தோம். அக்கா என் பக்கம் திரும்பினாள்.

“இன்னுங் கொஞ்சம் ஓங்கி அடிக்கச் சொல்லுடா” என்றாள்.