தபால்காரரும் டாக்டரும்

ஒருவரைப் பற்றி எல்லாம் தெரிந்துவிட்டது என்ற நினைப்பு வந்தால், அவர் ஊர்க்காரர் யாரிடமாவது தனியாகக் கேட்டுக்கொள்வது நல்லது. நான் அவர் ஊர்க்காரரை மேடைக்கே அழைத்துச் சால்வை போர்த்தினேன்.

எனக்கு ஒரு ஜெர்மன் நடிகர் மேல் பைத்தியம். கதாநாயகர் அல்ல. சினிமாவிலும் தொலைக்காட்சித் தொடர்களிலும் டாக்டராகவோ பக்கத்து வீட்டுக்காரராகவோ வந்து நாலு வசனம் பேசிவிட்டுப் போகிறவர். அவர் வேடங்களையெல்லாம் ஆண்டுவாரியாகத் தொகுத்துவந்தேன். (என் கல்யாணத் தேதியும் எனக்குக் கிழமையோடு தெரியும். வாழ்த்துச் சொல்லத்தான் மறந்துபோகும்.)

தாடி, விக் எதுவானாலும் அவரை நடையை வைத்தே பிடித்துவிடுவேன். நிலக்கரி மைன்ஸில் வேலை பார்த்த பழக்கம். ஹெல்மெட்டும் முகத்தில் கட்டிய துணியும் தூசியுமாக வருகிறவரின் மூஞ்சியை அங்கே யார் பார்த்தது? ஷிப்ட் முடிந்து வருவது யார் என்று தூரத்து நடையிலேயே சொல்லிவிடுவோம்.

எங்கள் குவார்ட்டர்ஸ் பிளாக்கின் வாசகர் வட்டத்தில் அவரைப் பற்றிப் பேச அழைத்தார்கள். இயந்திரம் பழுதுபார்க்க வந்திருந்த ஜெர்மன் பொறியாளர் ஒருவர் சிறப்பு விருந்தினர். முன்வரிசையில், என் மகளைத் தன் பையனுக்குப் பெண் பார்த்துவிட்டுப் போயிருந்த வடலூர்க்காரர். அவரும் மைன்ஸில் இருந்து ஓய்வு பெற்றவர்தான். பிள்ளைகளுக்குப் பிடித்துப்போயிருந்தது. அவர் தலையசைப்புதான் பாக்கி. “கூட்டம் முடியட்டுங்க, சொல்றேன்” என்றிருந்தார்.

“சுருக்கமா பேசுங்க,” என்று மனைவி மட்டும் எச்சரித்தாள்.

அவர் டாக்டராக நடந்துவரும் காட்சியை முதலில் காட்டிவிட்டு அடுத்ததைப் போட்டேன். திரையில் ஒரு தபால்காரர் தெருவில் நடந்து வந்தார். “இதோ நம்மவர். என்ன நடை பாருங்கள்,” என்று தமிழிலும் ஆங்கிலத்திலும் முழங்கினேன்.

பொறியாளர் மெதுவாகக் கையைத் தூக்கினார். “மன்னிக்கவும். டாக்டராக வருகிறாரே, அவர்தான் நீங்கள் சொல்லும் நடிகர். இந்தத் தபால்காரர் வேறு ஆள்,” என்றார் ஆங்கிலத்தில்.

மனைவி மின்விசிறியைப் பார்க்கத் தொடங்கினாள். வடலூர்க்காரர் எழுந்தார். தொலைந்தது சம்பந்தம் என்று நினைத்தேன்.

“சார், உங்களுக்கு மூஞ்சி தெரியும். எங்களுக்கு நட தெரியும். நானும் அப்பலேர்ந்து பாத்துகினுதான் இருக்கேன். டாக்டரும் இவரும் ஒரே ஆளுதான்.” (அன்றுவரை அவர் ஒரு ஜெர்மன் படம்கூடப் பார்த்ததில்லை.)

பொறியாளர் புன்னகையோடு, படத்தை இன்னும் கொஞ்சம் ஓடவிடச் சொன்னார். நடை முடிந்ததும் நிறுத்திவிடுவது என் வழக்கம். ஓடவிட்டேன். தபால்காரர் படியேறினார். கதவு திறந்தது. டாக்டர் வெளியே வந்து அவரோடு கைகுலுக்கினார்.

சபை சிரித்து ஓய வெகுநேரமானது.

“தம்பியா இருக்கும்,” என்று உட்கார்ந்தார் வடலூர்க்காரர்.

கூட்டம் முடிந்து கொடுத்த போண்டாவை வாங்காமலே வெளியே நழுவினேன். வாசலில் அவரே வந்து என் தோளில் கை போட்டார். “விடுங்க. அவ்ளோ பேருக்கு முன்னால ரெண்டு பேரும் சேந்தே தோத்துட்டோம். இனிமே என்ன உங்க வூடு, எங்க வூடு? நல்ல நாளாப் பாருங்க.”

பொறியாளரும் என்னைக் கேலி செய்யவில்லை. ஊர் திரும்பும்வரை மாலைதோறும் எங்கள் குவார்ட்டர்ஸுக்கு வந்து, நான் ஒருவர் தலையில் கட்டியிருந்த வேடங்களை இரண்டு நடிகர்களுக்கும் நியாயமாகப் பிரித்துக்கொடுத்தார். பெயரே தெரியாதிருந்த அந்தத் தபால்காரரின் வாழ்க்கையையும் இப்போது தொகுத்துவருகிறேன். அன்று மூக்குடைபடாவிட்டால் அந்த மனிதரும் எனக்குக் கிடைத்திருக்க மாட்டார், இப்படியொரு சம்பந்தியும் கிடைத்திருக்க மாட்டார்.

போன மாதம் பேரன் எழுந்து நடந்தான். யார் நடை என்று வீட்டில் பேச்சு வந்தது.

“இவரக் கேக்காதீங்க. தபால்காரர் நடைன்னுவாரு,” என்றாள் மனைவி.

சம்பந்தி குனிந்து நன்றாகப் பார்த்தார்.

“இல்லங்கம்மா. டாக்டரு.”