குரும்பலூரில் மண்டபம் விசாரித்தேன்

நாத்தனார் கலாவுக்குக் கல்யாணம். மண்டபம் பிடிக்கணும். எனக்குக் கொடுத்த வேலை அவ்வளவுதான்.

நான் திருச்சி கான்வென்ட்டில் படித்தவள். அதனால் மாமியாருக்கு ஒரு நம்பிக்கை. "அவ போனா ஏமாத்த மாட்டானுங்க. இங்கிலீஷ்ல நாலு கேள்வி கேப்பா."

பெரம்பலூர் மண்டபத்து மேனேஜரிடம் நான் கேட்ட ஒரே கேள்வி, "தண்ணி வருங்களா?"

வரும் என்றார். குழாயைத் திறந்தேன், வந்தது. ஃபேனைப் போட்டேன், சுத்தியது. அட்வான்ஸைக் கொடுத்துவிட்டு வந்துவிட்டேன். அன்று முழுக்க ரொம்பப் பெருமையாக இருந்தது.

மறுநாள் எதிர்வீட்டு ராணியக்கா வாசலில் சின்ன வெங்காயம் உரித்துக்கொண்டே, "எந்த மண்டபம் புடிச்ச?" என்றார். சொன்னேன். உரித்த கை நின்றது.

"அதுவா..."

"ஏன்க்கா?"

"ஒண்ணுமில்ல, போ."

"சொல்லுங்கக்கா."

"அங்க தாலி கட்டுனதுங்க எதுவும் சேந்து இல்லன்னு பேசிக்கிறாங்க. எனக்கென்ன தெரியும், நான் கோயில்ல கட்டிக்கிட்டவ."

ராணியக்காவும் அவர் வீட்டுக்காரரும் பேசிக்கொண்டு பல மாசம் ஆகிறது. அதற்காகக் கோயிலை யாரும் குறை சொல்லவில்லை. இது எனக்கு அப்போது தோன்றியிருக்கணும். தோன்றவில்லை.

நான் சாதாரணமாகவே பயந்தாங்கொள்ளி. கேஸை மூடிவிட்டுப் படுப்பேன், எழுந்து போய் மறுபடியும் மூடுவேன். குழந்தை அழுதால் பயம். அழாமல் தூங்கினால் மூக்கில் விரல் வைத்துப் பார்ப்பேன். இதை எழுதும்போதே ஒரு தரம் போய்ப் பார்த்துவிட்டு வந்தாச்சு. கான்வென்ட்டில் சிஸ்டர்கள் எனக்குச் சொல்லிக்கொடுத்தது ரெண்டு: அழகான கையெழுத்து, பயம். கையெழுத்து கெட்டுப்போச்சு.

இனிமேல் கலாவும் மாப்பிள்ளையும் சாம்பாரில் உப்பில்லை என்று முறைத்துக்கொண்டாலும், "மண்டபம் புடிச்சது யாரு?" என்றுதான் பேச்சு வரும். ஆயுசுக்கும் வரும்.

அரியலூரில் வேலையில் இருந்த வீட்டுக்காரருக்குப் போன் போட்டேன்.

"ஏங்க, மண்டபத்தை மாத்திடலாமா?"

"நேத்துதானே புடிச்ச?"

"அங்க கட்டிக்கிட்டவங்க சண்டை போட்டுப் பிரிஞ்சுடறாங்களாம்."

"நாம எங்க கட்டிக்கிட்டோம்?"

"திருச்சியில."

"அப்ப நமக்கு அந்தச் சாக்கும் இல்ல" என்று வைத்துவிட்டார்.

சரி, நாமே கண்ணால் பார்த்துவிடலாம் என்று முடிவு செய்தேன். அந்த மண்டபத்தில் கல்யாணம் பண்ணிக்கொண்ட ஒரு ஜோடியைப் பிடித்து, நன்றாக இருக்கிறார்களா என்று பார்த்துவிட்டால் போதும்.

மேனேஜரைக் கேட்டேன். "போன ஆவணியில குரும்பலூர்க்காரங்க கல்யாணம் தடபுடலா நடந்துச்சும்மா. பச்சை இரும்புக் கேட்டு வூடு" என்றார்.

மாமியாரிடம் குழந்தைக்கு ஊசி போடணும் என்று பொய் சொல்லிவிட்டு, மகளை இடுப்பில் வைத்துக்கொண்டு டவுன் பஸ் ஏறினேன்.

குரும்பலூரில் பச்சை கேட்டுக்கு எதிரே ஒரு பெட்டிக்கடை. குழந்தைக்கு ஒரு பிஸ்கட் பாக்கெட் வாங்கிக்கொண்டு மெதுவாக ஆரம்பித்தேன்.

"அண்ணே, அந்த பச்சை கேட்டு வூட்டுக்காரங்க எப்படிங்க? நல்ல குடும்பமா?"

கடைக்காரர் ரேடியோவைக் குறைத்தார். என்னை மேலும் கீழும் பார்த்தார். "எந்த ஊருங்க நீங்க?"

"பெரம்பலூருங்க."

"சரி. தங்கமான குடும்பம். குடி கிடி ஒண்ணும் கிடையாது. சின்னவன் கொஞ்சம் கோவக்காரன், ஆனா கை சுத்தம்."

"சின்னவரு வேணாங்க. பெரியவரைப் பத்திச் சொல்லுங்க."

"பெரியவனுக்குக் கல்யாணம் ஆயிடுச்சேம்மா."

"அதனாலதாங்க கேக்குறேன்."

கடைக்காரர் ரேடியோவையே அணைத்துவிட்டார்.

"பொண்டாட்டியோட சேந்து இருக்காரா? சண்டை உண்டா?" என்று நான் தொடர்ந்தேன்.

"ஏம்மா, பாத்தா படிச்ச பொண்ணா இருக்க. சின்னவனைப் பத்திக் கேளு, சொல்றேன்."

அதற்குள் பச்சை கேட்டு திறந்தது. அந்த வீட்டம்மாவே வந்துவிட்டார். அவருக்கு எப்படித் தெரிந்ததோ, புதுசாகப் பொட்டு வைத்திருந்தார். "வெயில்ல நிக்கிறீங்களே, உள்ள வாங்கம்மா" என்று கையைப் பிடித்து அழைத்துப் போனார். காபி வந்தது, மிக்சர் வந்தது. குழந்தைக்கு வாழைப்பழம்.

நான் தேடிப்போன ஜோடியும் வந்தது. "மில்லுல மாவு அரைச்சீங்களா?" என்றாள் மருமகள். "மறந்துட்டேன்" என்றான் பெரியவன். "மறப்பீங்க, சோத்தை மட்டும் மறக்க மாட்டீங்க." அவன் சிரித்தான், அவளும் சிரித்தாள்.

எனக்கு நெஞ்சிலிருந்து ஒரு அம்மிக்கல் இறங்கியது. மண்டபத்தின் மேல் ஒரு குற்றமும் இல்லை.

"வூட்டுல யாருக்கும்மா கல்யாணம்?" என்றார் வீட்டம்மா.

"நாத்தனாருக்குங்க. வைகாசியில. எல்லாம் ஏற்பாடு பண்ணியாச்சு. உங்க வூட்டை ஒரு பார்வை பாத்துட்டு முடிவு பண்ணலாம்னு வந்தேன்."

சத்தியமாக இப்படித்தான் சொன்னேன். வேறு யாரும் எனக்குச் சொல்லிக்கொடுக்கவில்லை.

சின்னவன் மடிப்புக் கலையாத புதுச்சட்டை போட்டுக்கொண்டு தண்ணீர்ச் சொம்போடு வந்து நின்றான். எவ்வளவு மரியாதையான பையன் என்று நினைத்தேன். வீட்டு விலாசம் கேட்டார்கள். தெருப்பேர் சொல்லி, எதிரில் ராணியக்கா வீடு என்று அடையாளமும் சொல்லிவிட்டு பஸ் ஏறினேன்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் வாசலில் ஒரு கார் நின்றது. குன்னத்திலிருந்து கலாவின் மாப்பிள்ளையைப் பெற்றவர்கள். மாமியார் சொம்பில் தண்ணீர் கொடுத்தார். சம்பந்தியம்மா வாங்கவில்லை.

"பொண்ணு குடுக்க இஷ்டமில்லன்னா எங்ககிட்ட நேரா சொல்லியிருக்கலாம் சம்பந்தி. நிச்சயம் பண்ணிட்டு, குரும்பலூர்ல வேற மாப்பிள்ளை பாக்குறது நல்லாவா இருக்கு?"

"நாங்களா?" என்றார் மாமியார்.

"இடுப்புல புள்ளையோட ஒரு பொண்ணு வந்து விசாரிச்சு, இந்த விலாசத்தையும் குடுத்துட்டுப் போனாளாம். அந்தப் பெட்டிக்கடைக்காரன் எங்க சின்னம்மா மவன்."

மாமியார் மெதுவாகத் திரும்பி என் இடுப்பைப் பார்த்தார். குழந்தை அங்கேதான் இருந்தாள்.

உள்ளேயிருந்து கலா கேட்டாள், "அண்ணி, என் கல்யாணம் இருக்கா இல்லையா?" குரல் உடைந்திருந்தது.

வாயைத் திறக்கப் போனேன். இன்னொரு கார் வந்து நின்றது. தாம்பாளத்தில் பூ, பழம், மேலே மஞ்சள் தடவின ஜாதகம். குரும்பலூர் அம்மா இறங்கினார். பின்னால் அதே புதுச்சட்டையில் சின்னவன். எதிர்வீட்டில் ராணியக்கா நாற்காலியே போட்டுவிட்டார்.

நான் ஒரே மூச்சில் எல்லாவற்றையும் கொட்டினேன். வெங்காயம், தாலி, மேனேஜர், இல்லாத ஊசி, எல்லாம்.

குரும்பலூர் அம்மா தாம்பாளத்தைக் கீழே வைத்துவிட்டு, "ஏம்மா, ஒரு மண்டபத்துக்காகவா என் மவன் புதுச்சட்டை எடுத்தான்?" என்றார்.

சம்பந்தியம்மா என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். "மண்டபத்தை விசாரிக்க குரும்பலூர் வரைக்கும் போன. எங்க பையனை விசாரிச்சியா?"

"இல்லைங்க."

"வூட்டுல வேற யாராச்சும்?"

மாமியார் சுவரைப் பார்த்தார்.

சம்பந்தியம்மா தன் வீட்டுக்காரர் பக்கம் திரும்பினார். "கேட்டீங்களா? நம்ம பயலை யாருமே விசாரிக்கலையாம்."

"நல்லவேளை" என்றார் அவர். வந்ததிலிருந்து அவர் பேசிய ஒரே வார்த்தை அது.

முதலில் சிரித்தது கலாதான். பிறகு சம்பந்தியம்மா. சிரித்து முடித்து, தானே கையை நீட்டிச் சொம்பை வாங்கித் தண்ணீரைக் குடித்தார்.

குடித்துவிட்டுச் சின்னவனை ஒரு பார்வை பார்த்தார். "தம்பி என்ன பண்றாரு?"

"சொந்த டிராக்டருங்க" என்றார் குரும்பலூர் அம்மா.

"எங்களுக்கும் ஒரு பொண்ணு இருக்கு" என்று சொல்லிவிட்டு என்னிடம் வந்தார். "நீதான் போய்ப் பாத்தியே, குடும்பம் எப்படி?"

எல்லாரும் என்னையே பார்த்தார்கள். பயத்தில் மனப்பாடமாக இருந்தது அப்படியே வெளியே வந்தது. "குடி கிடி ஒண்ணும் கிடையாதுங்க. சின்னவரு கொஞ்சம் கோவக்காரரு, ஆனா கை சுத்தம்."

சின்னவன் என்னை முறைத்தான். கோவக்காரன் என்பது நிரூபணமாகிவிட்டது.

வைகாசியில் கலா கல்யாணம் அதே மண்டபத்தில் நடந்தது. தண்ணீர் வந்தது, ஃபேன் சுத்தியது. ஆவணியில் சின்னவனுக்கும் குன்னத்துப் பெண்ணுக்கும் அங்கேயே.

ராணியக்கா இப்போது மண்டபப் பேச்சை எடுப்பதில்லை. அவர் மகளுக்கு ஆண்டிமடத்தில் ஒரு மாப்பிள்ளை இருக்கிறாராம், நான் போய் விசாரித்துவிட்டு வரணுமாம்.

கூடவே குழந்தைக்கு ஊசி போடணும் என்று என் மாமியாரிடம் அவரே சொல்லிவிடுவாராம்.