அறுநூறு மூட்டை சாம்பல்

அறையை விட்டுக் கொடுப்பதில்லை என்று வியாழக்கிழமை காலை பல் தேய்க்கும்போது முடிவெடுத்தேன். வாயில் நுரை இருந்ததால் உரக்கச் சொல்ல முடியவில்லை. ஆனாலும் முடிவு முடிவுதான்.

எங்கள் வீட்டில் மொத்தம் இரண்டரை அறை. அந்த அரை அறைதான் என்னுடையது. கிழக்குப் பார்த்த பெரிய ஜன்னல், அதன் கீழே மேசை, மேசைமேல் கம்ப்யூட்டர், கம்ப்யூட்டருக்கு முன்னால் நான். பஸ் டிப்போவில் டைம் கீப்பராக இருக்கிறேன். தினமும் நூற்றிருபது பஸ்களைக் குறித்த நேரத்தில் வெளியே அனுப்புகிறவனுக்கு, வீடு வந்ததும் குறித்த நேரத்தில் உள்ளே போய் உட்கார ஓர் இடம் வேண்டாமா? பதினோரு வருஷமாக அங்கேதான் உட்காருகிறேன். என் நாற்காலியில் வேறு யார் உட்கார்ந்தாலும் ஒரு பக்கமாகச் சரிந்துவிடுவார்கள். அவ்வளவு தூரம் அது என்னோடு ஒத்துப் போய்விட்டது.

அந்த அறைமேல்தான் என் மனைவி கண் வைத்தாள். அவள் தையல்காரி. எங்கள் தெருவில் பாதிப் பேர் உடம்பில் இருப்பது அவள் தைத்ததுதான். சாப்பாட்டு மேசையின் ஒரு முனையில் அவளுடைய மிஷின் இருக்கிறது. மறுமுனையில் நாங்கள் சாப்பிடுகிறோம். சாப்பாட்டில் நூல் வருவது எங்கள் வீட்டில் சகஜம். போன வாரம் எனக்கு ஒரு கொக்கி வந்தது.

"என்னங்க, அந்த ஜன்னல் அறைய எனக்குக் குடுத்துடுங்க. இங்க வெளிச்சமே இல்ல. கறுப்புத் துணியில கறுப்பு நூல் தெரிய மாட்டேங்குது."

"லைட்டப் போட்டுக்கோ."

"போட்டுத்தான் தைக்கிறேன். நேத்து ஒரு சட்டைக்கு ரெண்டு கையையும் ஒரே பக்கத்துல வெச்சுத் தெச்சுட்டேன்."

"குளிருக்கு நல்லது. ஒண்ணு போனா இன்னொண்ணு இருக்கும்."

"அங்க உக்காந்து அப்படி என்னதான் செய்றீங்க?"

"நிர்வாகம்."

நான் செய்வது நிர்வாகம்தான். விளையாட்டு என்று சொல்கிறவர்களோடு எனக்குப் பேச்சில்லை. திரையில் ஒரு வெறும் தீவைக் கொடுப்பார்கள். மரம் வெட்டி, வீடு கட்டி, நெல் விதைத்து, அதை ஓர் ஊராக ஆக்க வேண்டும். ஊருக்குத் தலைவர் ஒருவர் உண்டு. அந்தத் தலைவர் யார் என்று சொல்லத் தேவையில்லை. வீட்டில் என் பேச்சைக் கேட்க ஆள் இல்லை. தீவில் முந்நூற்றிப் பன்னிரண்டு பேர் இருக்கிறார்கள்.

இதை அவளிடம் கம்பீரமாக விளக்கினேன். அவள் சிரிக்கவில்லை. அவள் சிரித்தால் கவலையில்லை. சிரிக்காமல் ஊசியில் நூல் கோத்தால்தான் கவலைப்பட வேண்டும். கோத்தாள்.

"சரி, பந்தயம் வெச்சுக்குவோம். ஞாயித்துக்கிழமை சாயங்காலம் ஆறு மணிக்குள்ள உங்க ஊர்ல ஐந்நூறு பேரு ஆகணும். ஆச்சுன்னா அந்த அறை ஆயுசுக்கும் உங்களுது. நான் அதப்பத்தி வாயே திறக்க மாட்டேன். ஆகலன்னா எனக்கு."

அறை கிடைப்பது ஒரு பக்கம். அவள் வாய் திறக்காமல் இருப்பது இன்னொரு பக்கம். இரண்டும் ஒன்றாகக் கிடைக்கும் என்றால் எந்தப் புருஷன் மறுப்பான்? ஒத்துக்கொண்டேன். மேல் வீட்டு லிஃப்ட் மெக்கானிக்கைச் சாட்சியாகவும் வைத்துக்கொண்டோம்.

ஒத்துக்கொண்ட பிறகுதான் சாம்பல் நினைவுக்கு வந்தது.

தீவில் ஒவ்வொரு வீட்டிலும் அடுப்பு எரிகிறது. அடுப்பு எரிந்தால் சாம்பல். அது மூட்டை மூட்டையாகக் கிடங்குக்கு வந்துவிடும். ஆயிரம் மூட்டை கொள்ளும் கிடங்கில் அறுநூறு மூட்டை சாம்பலாகவே இருந்தது. நெல் வைக்க இடமில்லை, மரம் வைக்க இடமில்லை. ஊர் வளராமல் முந்நூற்றிப் பன்னிரண்டில் நின்றதற்கு அதுதான் காரணம். வெள்ளிக்கிழமை மொத்தத்தையும் ஆற்றில் கொட்டிப் பார்த்தேன். மீன் செத்து மிதந்தது. ஒன்பது குடும்பம் பெட்டி படுக்கையோடு படகேறிவிட்டது. முந்தின நாள் சேமித்து வைத்திருந்த இடத்திலிருந்து திரும்ப ஆரம்பித்தேன். சாம்பலும் திரும்ப வந்தது.

சனிக்கிழமை பதினோரு மணிக்கு அவள் ஒரு பாவாடையோடு உள்ளே வந்தாள்.

"வெளிச்சத்துல நாலே நாலு தையல். போட்டுட்டுப் போயிடறேன்."

"பேசக்கூடாது."

"நான் எங்க பேசினேன்? அது என்னங்க, சாம்பக் கலர்ல குவிஞ்சு கெடக்கு?"

"சாம்பல்."

"தூக்கிப் போட முடியாதா?"

"முடியாது. ஊரே காலியாயிடும்."

"தூக்கிப் போட முடியாதுன்னா வேலைக்கு வைங்க."

நான் சிரித்தேன். பதினோரு வருஷம் நிர்வாகம் பண்ணியவனுக்குத் தெரியாதது பாவாடைக்கு ஓரம் அடிக்கிறவளுக்குத் தெரிந்துவிடுமா? கிடங்கு, கொள்ளளவு, வரத்து, போக்கு என்று கால் மணி நேரம் பாடம் நடத்தினேன். அவள் நாலு தையலை நாற்பதாகப் போட்டபடி கேட்டுக்கொண்டாள். போகும்போது திரையில் விரலை வைத்தாள்.

"இந்தப் பட்டியல்ல கீழ இன்னும் என்னமோ எழுதியிருக்கு பாருங்க."

அவள் வெளியே போகும்வரை நான் பார்க்கவில்லை. போனதும் பார்த்தேன். பட்டியலுக்கு அடியில் அப்படி ஒரு பகுதி இருப்பதே எனக்குத் தெரியாது. செங்கல் சூளை: களிமண் ஒரு மூட்டை, சாம்பல் இரண்டு மூட்டை. சோப்புக் கூடம்: எண்ணெய், சாம்பல். வயல் உரம்: சாம்பல்.

இது என் சொந்தக் கண்டுபிடிப்பு என்பதை இங்கே பதிவு செய்துகொள்கிறேன். அவள் விரலைத்தான் வைத்தாள். படித்தது நான்.

அதற்குப் பிறகு என் தீவைப் பார்த்திருக்க வேண்டும். மர வீட்டில் நாலு பேர்தான் இருக்கலாம். செங்கல்லில் மாடி எடுத்தால் எட்டுப் பேர். சூளை சாம்பலைத் தின்றது. வயல் சாம்பலைத் தின்று நெல்லாகக் கக்கியது. சோப்பு வந்ததும் ஊரில் காய்ச்சல் நின்றது. காலியான கிடங்கில் மரம் ஏறியது. படகு படகாக ஆள் வந்தார்கள். அறுநூறு மூட்டை போதாமல் சாம்பலுக்காகவே அடுப்பெரிக்கச் சொல்லி உத்தரவு போட்டேன். இவ்வளவு நாள் குப்பை என்று திட்டிய பொருளை அன்று தலையில் தூக்கி வைத்து ஆடினேன்.

ஞாயிறு மாலை ஐந்தே முக்காலுக்கு நானூற்றி எண்பத்தி எட்டு. அத்தோடு நின்றுவிட்டது. செங்கல் இருக்கிறது, நெல் இருக்கிறது, கட்ட இடமில்லை. ஒரு பக்கம் மலை, மூன்று பக்கம் கடல். எனக்கு வியர்த்தது. லிஃப்ட் மெக்கானிக் சாட்சி சொல்லக் கீழே வந்து கதவோரம் நின்றார். அவரோடு ஒரு தள்ளுவண்டியும் நின்றது. சாட்சி சொல்ல எதற்குத் தள்ளுவண்டி என்று நான் யோசித்திருக்க வேண்டும். நான் ஆள் எண்ணிக்கொண்டிருந்தேன்.

அவளும் வந்து பின்னால் நின்றாள்.

"என்னங்க, மேட்டுல, வெயில் நல்லா விழுற எடத்துல, ஒரு பெரிய வீடு இருக்கே. யாரு வீடு?"

"தலைவர் மாளிகை."

"உள்ள எத்தன பேரு?"

"ஒருத்தர்."

"அவரு என்ன செய்றாரு?"

"ஜன்னல் பக்கத்துல உக்காந்து ஊரப் பாக்குறாரு."

"பாத்து?"

"பாத்துக்கிட்டே இருக்காரு."

"அந்த எடத்துல எத்தன பேர வைக்கலாம்?"

"மாளிகையில கை வைக்கிற பேச்சே கிடையாது. தலைவருக்கு ஒரு மரியாதை இருக்கு."

"சரிங்க. மணி அஞ்சு அம்பத்தி ஒண்ணு."

சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தேன். என் ஜன்னலைப் பார்த்தேன். என் நாற்காலியைத் தடவிப் பார்த்தேன். இந்த அறைக்காக ஒரு மாளிகை என்ன, ஒன்பது மாளிகையை இடிப்பேன். இடித்தேன். அந்த இடத்தில் வேலைக்கு ஒரு நெசவுக் கூடமும், பக்கத்தில் இரண்டு செங்கல் மாடியும் எழுப்பினேன். தலைவரை எங்கே தங்க வைப்பது என்று திரை கேட்டது. ஊரிலேயே ஓர் ஆளுக்கு மூலை மிச்சமிருந்த இடம் கிடங்கு ஒன்றுதான். கண்ணை மூடிக்கொண்டு கிடங்கை அழுத்தினேன்.

ஐந்து ஐம்பத்தெட்டுக்கு ஐந்நூற்றி நாலு பேர். திரையில் பூ கொட்டியது.

எழுந்து நின்றேன். ஜெயித்தவன் பேசாமல் இருக்கக் கூடாது. பேசினேன்.

"தம்பி, கேட்டுக்கோங்க. நிர்வாகம்னா இதுதான். வெளிச்சம் இருக்கிற எடம் வேல செய்றவங்களுக்கு. சும்மா உக்காந்திருக்கிறவன் தலைவனாவே இருந்தாலும் கிடங்குக்குப் போகணும். இதுல தயவு தாட்சண்யம் பாக்கவே கூடாது."

"நல்லா இருக்கு சார்," என்றார் மெக்கானிக்.

"எனக்குச் சரியா கேக்கல," என்றாள் அவள். "இன்னொரு தடவ சொல்லுங்க."

இன்னும் உரக்கச் சொன்னேன். கையை வேறு ஓங்கினேன்.

"ஜெயிச்சுட்டீங்க," என்றாள். "அறை உங்களுது. நான் பேச்சு மாறல, ஒண்ணும் கேக்கப் போறதும் இல்ல. உங்க அறைய நீங்கதான் நிர்வாகம் பண்ணணும். இப்ப சொன்ன மாதிரியே பண்ணிடுங்க."

"அது வந்து, விளையாட்டுல."

"விளையாட்டா? நிர்வாகம்னு சொன்னீங்க."

மெக்கானிக்கைப் பார்த்தேன். அவர் என்னைப் பார்க்காமல் தள்ளுவண்டியைப் பார்த்தார். இப்போது நிர்வாகம் இல்லை என்று நான் சொன்னால், பதினோரு வருஷமாகச் செய்தது வெறும் விளையாட்டு என்று ஆகிவிடும். ஆமாம் என்றால் அறை போய்விடும். மானமா அறையா? நான் மானஸ்தன்.

"மிஷின எடுத்துட்டு வாங்க தம்பி," என்று நானே உத்தரவு போட்டேன். யாரும் என்னைக் கட்டாயப்படுத்தவில்லை. இதை நன்றாகக் கவனிக்க வேண்டும்.

இதை எழுதுவது ஸ்டோர் ரூமிலிருந்து. வலப்பக்கம் வாளி, இடப்பக்கம் வெட்டுத் துணி மூட்டை, நடுவில் என் நாற்காலி. இங்கே பிளக் பாயின்ட் கிடையாது. அதனால் தீவில் ஐந்நூற்றி நாலு பேரும் அப்படியே நிற்கிறார்கள். நான் தோற்கவில்லை. பந்தயத்தில் ஜெயித்தவன் நான். அறை இன்றைக்கும் என் அறைதான். அவள் அதில் தைக்கிறாள், அவ்வளவுதான். மத்தியானம் ஒரு டப்பா பட்டனும் பதினாறு சட்டையும் கொண்டுவந்து மடியில் வைத்தாள். எதிர்த்து ஒரு வார்த்தை சொல்ல வாயெடுத்தேன். வாயில் ஊசி இருந்தது.

வெளியே மெக்கானிக்கின் குரல் கேட்டது.

"அக்கா, தள்ளுவண்டிய எடுத்துக்கிட்டுப் போறேன். சார் எங்க, சத்தத்தையே காணோம்?"

"கிடங்குல இருக்காரு தம்பி. தூக்கிப் போட முடியாது, வேலைக்கு வெச்சுட்டேன்."