வாத்துக் குளம் அழிக்கப்பட்ட விவரம்

ரெக்கார்டு ஒரு முடிவுக்கு வந்தார். ஞாயிற்றுக்கிழமை காலை பத்து மணிக்கு, சாப்பாட்டு மேசையில் வைத்து, தன் பழைய ஃபோனைச் சுத்தம் செய்துவிடுவது. முறைப்படி.

"முறைப்படி" என்று அவர் வாயில் வந்துவிட்டால் அக்கம்பக்கத்தில் இருப்பவர்கள் நாற்காலி தேடி உட்கார்ந்துவிடுவது நல்லது. லேசில் முடியாது. இருபத்தெட்டு வருஷமாக ஓர் அலுவலகத்தின் பதிவறையைக் கட்டி மேய்ப்பவர் அவர். எந்தக் கோப்பு இருக்க வேண்டும், எது போக வேண்டும் என்பதெல்லாம் அவர் கையில். பெற்றோர் வைத்த பெயர் சம்பளப் பட்டியலோடு சரி. தெருவுக்கே அவர் ரெக்கார்டு.

இந்த முடிவுக்குப் பின்னால் ஒரு துக்கம் இருந்தது. அவருடைய ஒரே மகள் தொலைதூரத்தில் ஓர் ஆற்றின் மேல் பாலம் கட்டும் வேலையில் சேர்ந்து ஏழு மாதம் ஆகிறது. தினமும் சாயங்காலம் அன்றைக்கு எழும்பிய வேலையை அரை நிமிஷம் படம் பிடித்து அப்பாவுக்கு அனுப்புவாள். தூண் வளர்ந்ததை அவர் தினம் தினம் பார்த்தார். தூணுக்குப் பக்கத்தில் தலைக்கவசத்தோடு நிற்கும் மகளையும் பார்த்தார். மூன்று வாரமாக ஒன்றும் வரவில்லை. கேட்பதற்கு வீம்பு இடம் தரவில்லை. அவள் கூப்பிட்டாலும் "அம்மாகிட்ட பேசு" என்று ஃபோனை நீட்டிவிடுவார்.

"அவ தினமும் அனுப்பறாளாம்" என்றாள் மனைவி. "இங்க வந்து சேரவே இல்லையாம். உங்க ஃபோன் நிறைஞ்சு போச்சு."

"மனசு இருந்தா வரும்."

"மனசு இருக்கு. ஃபோன்ல இடம்தான் இல்லை."

"ஆறு வருஷமா இருந்த இடம் இப்ப மட்டும் எங்க போச்சு?"

எங்கே போனது என்று அவருக்குத் தெரியும். அதுதான் கொடுமை.

அந்த ஃபோனுக்குள் ஒரு குளம் இருந்தது. குளத்தில் நாற்பத்தாறு வாத்துகள். விளையாட்டின் பெயரே வாத்துக் குளம்தான். காலை ஆறு, பகல் பதினொன்று, மாலை ஐந்து என்று மூன்று வேளை இரை போட வேண்டும். ஒரு நாள் தவறினால் வாத்துகள் பறந்துவிடும். விளையாடுகிறவர்கள் வாத்துக்குச் செல்லப் பெயர் வைப்பார்கள். ரெக்கார்டு எண் வைத்திருந்தார். பதினாலாம் எண்ணுக்கு மட்டும் ஒரு கால் நொண்டும். அதற்கு அவர் ஒரு பிடி கூடுதலாகப் போடுவார். பதிவறையில் கடைசி அலமாரிக்குப் பின்னால் நின்று, தூசியில் மூக்கை உறிஞ்சிக்கொண்டு, பகல் பதினொரு மணி இரையைத் தவறாமல் போட்டுவந்தார். ஒன்பது மாதத்தில் ஒரு வாத்து பறக்கவில்லை. குளம் வளர்ந்தது. வாத்துகள் பெருகின. ஃபோனில் இருந்த பதினாறு ஜிபியில் நாலு ஜிபியை அவை தின்றுவிட்டன.

சொல்லித் தொலைத்திருக்கலாம். சொல்ல முடியாததற்கு ஒரு காரணம் இருந்தது. மகள் பதினேழு வயதில் பரீட்சைக்குப் படித்துக்கொண்டிருந்தபோது இதே மாதிரி ஏதோ ஒரு விளையாட்டில் தோட்டம் வளர்த்தாள். ரெக்கார்டு அவள் தலைமாட்டில் நின்று அதை அழிக்க வைத்தார். அவள் அழுதாள். "இந்த வீட்டுல படிப்பு இருக்கணும், இல்லை விளையாட்டு இருக்கணும்" என்று முக்கால் மணி நேரம் பேசினார். அந்தப் பேச்சை மனைவி ஒரு வரி விடாமல் ஞாபகம் வைத்திருந்தாள்.

மனைவி மருந்துக்கடையில் வேலை பார்ப்பவள். டாக்டர்கள் கிறுக்கியதை எல்லாம் இருபது வருஷமாகப் படித்துக் கொடுப்பவள். கணவரின் முகம் அவளுக்கு அச்செழுத்து. ரெக்கார்டுக்கு இது தெரியாது.

அவருடைய திட்டம் இதுதான். சுத்தம் செய்வதையும் பதிவறை விதிப்படி செய்வது. விதி ஒன்று: அன்றாடம் திறக்கப்படும் கோப்பை அழிக்கக் கூடாது. விதி இரண்டு: யாரும் திறக்காத, யாரும் உரிமை கொண்டாடாத கோப்பை அழித்தே ஆக வேண்டும். விதி மூன்று: பட்டியல் எழுத வேண்டும், ஒரு சாட்சி வேண்டும். பட்டியலை அகர வரிசையில் போட்டால் வாத்துக் குளம் கடைசிப் பக்கத்தில் வரும். அதற்குள் மனைவி கொட்டாவி விட்டு எழுந்து போய்விடுவாள். அல்லறை சில்லறையை எல்லாம் அழித்துக் கொஞ்சம் இடம் பிடித்துவிடலாம். மகளும் வருவாள், வாத்துகளும் இருக்கும். பதினொரு மணிக்குள் கூட்டம் கலைந்துவிட்டால் இரையும் தவறாது.

ஞாயிறு வந்தது. ரெக்கார்டு சலவைச் சட்டை போட்டுக்கொண்டார். மூன்று விதியும் தலைப்பில் எழுதி, கோடு போட்ட தாளை மேசையில் வைத்தார். மூலையில் விரிசல் விட்ட ஃபோனைத் துடைத்து நடுவில் வைத்தார். சாட்சியாக மாடி வீட்டு லிஃப்ட் மெக்கானிக் வந்திருந்தார். முழுப் பெயர், கையெழுத்து, தேதி என்று ரெக்கார்டு கேட்டதும் பாவம், எதற்கோ ஜாமீன் போடுவதாக நினைத்துப் பயந்துபோனார்.

"ஒண்ணுமில்லை தம்பி, நான் சொல்றதை எழுதினா போதும்" என்றாள் மனைவி.

அகர வரிசை தொடங்கியது. அகராதி இருந்தது, போனது. இரைச்சல் அளக்கும் கருவி ஒன்று இருந்தது.

"இது எதுக்கு?" என்றாள் மனைவி.

"நீ மிக்சி போடறப்போ அளந்தேன்."

"அளந்து?"

"குறிச்சு வச்சேன்."

அதுவும் போனது. உயரம் அளப்பது, எடை குறிப்பது, ஒரே கைவிளக்கு மூன்று தடவை. ஒவ்வொன்றுக்கும் ரெக்கார்டு காரணம் சொல்லி, மெக்கானிக் எழுதி, மறுபடி வாசித்து, பிழை திருத்தி... பத்தே முக்கால் ஆகியிருந்தது. இன்னும் 'க' தாண்டவில்லை. மனைவி கொட்டாவி விடவில்லை. ஆனால் ரெக்கார்டு ஒரு பெருமூச்சை மனதுக்குள் விட்டுக்கொண்டார். காரியம் பழுத்து வருகிறது.

"இதுவரைக்கும் எவ்வளவு இடம் கிடைச்சிருக்கு தம்பி?"

மெக்கானிக் எட்டிப் பார்த்தார். "பாப்பா அனுப்பற வீடியோ ஒண்ணுகூட உட்காராது அக்கா."

"உங்க லிஃப்ட்ல ஆள் அதிகமாயிட்டா என்ன பண்ணுவீங்க?"

"கனமான ஆளை முதல்ல இறங்கச் சொல்வோம்."

"அப்ப இதையும் கனத்துலேருந்து பார்க்கலாமே."

"அகர வரிசைதான் முறை" என்றார் ரெக்கார்டு, குரலை உயர்த்தி.

"முறை உங்க பதிவறையில. ஃபோனே கன வரிசையிலதான் காட்டுது சார். இதோ" என்று மெக்கானிக் ஒரு தடவை தேய்த்தார்.

முதல் வரியில் மஞ்சள் அலகோடு ஒரு வாத்து நின்றது. நாலு ஜிபி.

"இது என்னங்க, வாத்துக் குளம்?"

"எது?"

"இதோ. பெரிசா நிக்குதே."

"தெரியலையே. வாங்கும்போதே உள்ள இருந்திருக்கும்."

"நீங்க போட்டதில்லையா?"

"நான் எதுக்குப் போடறேன்?"

"திறந்து பார்த்ததுகூட இல்லை?"

ரெக்கார்டு நிமிர்ந்து உட்கார்ந்தார். ஒரே ஒரு சொல் போதும். தினமும் திறக்கிறேன் என்றால் விதி ஒன்று காப்பாற்றும். அவரே எழுதிய விதி. ஆனால் அந்தச் சொல்லை இந்த மேசையில், சாட்சி முன்னால், முக்கால் மணி நேரம் பேசிய அதே வாயால் சொல்ல வேண்டும். பதினேழு வயதுப் பெண் அழுத முகம் கண் முன்னால் வந்தது.

"இல்லை" என்றார்.

"எழுதிக்குங்க தம்பி. யாரும் திறக்காதது. உரிமை கொண்டாட ஆள் இல்லாதது. விதி ரெண்டு."

மெக்கானிக் எழுதினார். மணி பதினொன்று அடித்தது. மேசை மேல் இருந்த ஃபோன் உரக்க, மூன்று தடவை, "குவாக்" என்றது.

மெக்கானிக் பேனாவை வைத்துவிட்டுக் குனிந்தார்.

"பசிக்குதாம் சார்" என்று மெக்கானிக் திரையைப் படித்தார். "பதினாலு உங்களைத் தேடுதுன்னு போட்டிருக்கு."

"விளம்பரம்" என்றார் ரெக்கார்டு.

மனைவி மருந்துச் சீட்டைப் பார்ப்பது போல அவரை ஒரு பார்வை பார்த்தாள். பிறகு ஃபோனை மெதுவாக அவர் பக்கம் நகர்த்தினாள்.

"நீங்களே அழிங்க. காப்பாளர் கையால அழிக்கறதுதானே முறை?"

அவர் வாத்தின் மேல் விரலை வைத்தார். நீக்கவா என்று ஃபோன் கேட்டது. இருபத்தெட்டு வருஷத்தில் ஆயிரக்கணக்கான கோப்புகளை அவர் கிழித்திருக்கிறார். ஒன்றுகூட அவரை இப்படித் திரும்பிக் கேட்டதில்லை. பதிவறையில் அழித்தது அழித்ததுதான். திரும்பி வந்த சரித்திரம் கிடையாது. காலையில் போட்ட இரைதான் கடைசி இரை என்று தெரிந்திருந்தால் நொண்டிக்கு இன்னும் ஒரு பிடி போட்டிருக்கலாம். அழுத்தினார். வாத்து ஒரு கணம் மங்கியது. பிறகு அந்த இடத்தில் ஒன்றுமே இல்லை.

மகள் அன்றைக்கு ஏன் அப்படி அழுதாள் என்று அவருக்கு அப்போதுதான் புரிந்தது. எட்டு வருஷம் தாமதமாகப் புரிந்தது. வெட்கமாக இருந்தது, வலித்தது.

மெக்கானிக் கையெழுத்துப் போட்டுவிட்டுப் படியேறினார். மனைவி அடுப்பைப் பார்க்கப் போனாள். ரெக்கார்டு காலியான மேசையில் காலியான ஃபோனோடு உட்கார்ந்திருந்தார்.

ஃபோன் ஒரு தடவை அதிர்ந்தது. இன்னொரு தடவை. பிறகு நிற்காமல் அதிர்ந்து, மேசை விளிம்பு வரை தானாக நகர்ந்து வந்தது. இருபத்தொரு வீடியோக்கள்.

வரிசையாகப் பார்த்தார். இரண்டு தூணுக்கு நடுவில் வெறும் வானமாக இருந்த இடத்தில் இரும்புச் சட்டம் வந்தது. அதன் மேல் ஆட்கள் நடந்தார்கள். மகள் ஒரு நாள் மழையில் நனைந்து நின்றாள். ஒரு நாள் கையில் கட்டுப் போட்டிருந்தாள், சின்னக் கீறல்தான் என்றாள். இருபத்தொன்றாவதில் பாலமே இல்லை. அவள் முகம் மட்டும்தான்.

"என்னப்பா, கூப்பிட்டா அம்மாகிட்டயே குடுத்துடறீங்க? எம்மேல கோபமா?"

ரெக்கார்டு கண்ணாடியைக் கழற்றிச் சலவைச் சட்டையில் துடைத்தார். உடனே அவளைக் கூப்பிட்டார்.

"பாப்பா, கோபமெல்லாம் இல்லைம்மா. ஃபோன் நிறைஞ்சிருந்துச்சு. என் தப்புதான். கை எப்படி இருக்கு?"

"அது எப்பவோ ஆறிடுச்சுப்பா."

"ஒண்ணு கேக்கணும். அன்னிக்கு உன் தோட்டத்தை அழிக்கச் சொன்னேனே. ரொம்ப வலிச்சுதா?"

"ரெண்டு நாள் சரியாவே சாப்பிடலைப்பா. ஏன் இப்ப கேக்கறீங்க?"

"சும்மா. பதிவுக்காக."

அவள் சிரித்தாள். என்னத்துக்கு அவ்வளவு சிரிப்பு என்று அவருக்குப் புரியவில்லை. சாயங்காலம் பாலத்தைக் காட்டுவதாகச் சொல்லிவிட்டு வைத்தாள். மூன்று வாரப் பாரம் இறங்கியிருந்தது. நாற்பத்தாறு போனால் போகட்டும், பெற்ற ஒன்று வந்துவிட்டது என்று ரெக்கார்டு மனதைத் தேற்றிக்கொண்டார். பதினாலாம் எண் மட்டும் தேறவிடவில்லை.

தண்ணீர் குடிக்கலாம் என்று சமையலறைக்குள் போனார். அலமாரி மேல் இருந்த மனைவியின் ஃபோன், "குவாக்" என்றது.

ரெக்கார்டு அப்படியே நின்றுவிட்டார். மனைவி கையைத் துடைத்துக்கொண்டு ஃபோனை எடுத்தாள். திரையில் குளம். குளத்தில் கூட்டம். கூட்டத்துக்குப் பின்னால் ஒரு வாத்து நொண்டி நொண்டி வந்துகொண்டிருந்தது.

"இதுக்கு மட்டும் ஒரு பிடி கூடுதலா போடணுமோ?" என்றாள்.

"எப்படி..." என்று அவர் குனிந்து குளத்தைப் பார்த்தார்.

"கடவுச்சொல் எல்லாம் நோட்டுல பதிஞ்சு வச்சிருக்கீங்களே, முறைப்படி. வரிசை எண் ஏழு, 'இதர'. முந்தாநாளே மொத்தக் குளத்தையும் என் ஃபோன்ல எடுத்துட்டேன். அங்க அழிச்சாலும் இங்க இருக்கும்னு பாப்பாதான் சொல்லிக் குடுத்தா."

"பாப்பாவா? அவளுக்குத் தெரியுமா?"

"நாற்பத்தாறையும் எண்ணிப் பார்த்துட்டா."

ரெக்கார்டு கையை நீட்டினார். மனைவி ஃபோனைக் கொடுக்கவில்லை. மசாலா டப்பாவுக்குப் பின்னாலிருந்து ஒரு தாளை எடுத்து அவர் கையில் வைத்தாள். அவருடைய தாள்தான், அவர் போடுவது போலவே அளந்து போட்ட கோடுகள். எடுத்த நேரம், திருப்பிக் கொடுத்த நேரம், காரணம், கையெழுத்து, சாட்சி.

"ஒரு வேளைக்குப் பதினஞ்சு நிமிஷம். காரணம்ங்கற கட்டத்துல 'தினமும் திறப்பது'ன்னு தெளிவா எழுதுங்க. சாட்சிக் கையெழுத்துக்கு மாடித் தம்பியைக் கூப்பிட்டிருக்கேன், இறங்கி வந்துட்டிருக்கார்."