சிவப்புத் துணி கட்டிய பள்ளம்

ஒரு காட்டில் ஒரு பள்ளம் வாழ்ந்து வந்தது. அதற்கு முன்னால் அந்த இடத்தில் நல்ல பாதை ஒன்று இருந்தது. மழைத்தண்ணீர் போகக் கால்வாய் கட்டுகிறேன் என்று காண்ட்ராக்டர் காட்டுப்பன்றி மூக்கால் தோண்டிப் போட்டுவிட்டு, அடுத்த வேலையைப் பார்க்கப் போய்விட்டார்.

பள்ளத்தை ஒட்டிய புதரில் பொன்னுத்தாயி என்ற கௌதாரி குடியிருந்தாள். அவளுக்கு ஏழு குஞ்சுகள். ஒன்றுக்கும் இன்னும் பறக்கத் தெரியாது. ஆறு குஞ்சுகள் தரையைப் பார்த்து நடக்கும். கடைசிக் குஞ்சு சின்னான் மட்டும் வானத்தைப் பார்த்துக்கொண்டே நடப்பான். ஓடைக்குப் போக வேண்டுமானால் அந்தப் பள்ளத்தின் ஓரமாகத்தான் போக வேண்டும். பொன்னுத்தாயிக்குத் தீனி தொண்டையில் இறங்கவில்லை. 'விழுந்துவிட்டால்?' என்று நினைப்பாள். 'விழுந்து, மேலே மண்ணும் சரிந்துவிட்டால்? சரிந்த நேரம் பார்த்து மழையும் பிடித்துக்கொண்டால்?' என்று அதற்கு மேலும் நினைப்பாள். அவள் நினைப்புக்கு அடியே கிடையாது. பள்ளத்துக்காவது இருந்தது.

காண்ட்ராக்டர் எச்சரிக்கையே வைக்கவில்லை என்று சொல்லிவிட முடியாது. ஒரு வேப்பங்கிளையை ஒடித்து ஓரத்தில் நட்டு, அதில் நீளமான சிவப்புத் துணியைக் கட்டிவிட்டுத்தான் போயிருந்தார். கிளையை அன்று மாலையே மான் தின்றுவிட்டது. துணியைக் குரங்கு எடுத்துத் தலைப்பாகை கட்டிக்கொண்டது.

பொன்னுத்தாயி பன்றியாரைத் தேடிப் போனாள்.

"அண்ணே, அந்தப் பள்ளத்துக்கு ஒரு தடுப்பு வைங்கண்ணே."

"ஏம்மா, அவ்வளவு பெரிய பள்ளம் உன் கண்ணுக்குத் தெரியலையா?"

"எனக்குத் தெரியுதுண்ணே. சின்னானுக்குத் தெரியணுமே."

"பிள்ளையைக் கீழே பார்த்து நடக்கச் சொல்லு. பள்ளம் அதுபாட்டுக்கு அது இடத்துல கெடக்கு. எவன் வீட்டுக்காவது தேடிப் போச்சா?"

அவள் நகராமல் நின்றதால், 'கவனம்! பள்ளம்!' என்று ஒரு பலகை எழுதிக் கொண்டுவந்து, பள்ளத்துக்கு உள்ளே, அடியில் நட்டார்.

"உள்ளே நட்டா யாருண்ணே பார்ப்பாங்க?"

"வெளியே நட்டா தூக்கிட்டுப் போயிடறாங்கம்மா. உள்ளே பத்திரமா இருக்கும்."

மறுநாள் ஆமை விழுந்தது. எல்லோரும் ஓடிப்போய் எட்டிப் பார்த்தார்கள். ஆமை பலகையை எழுத்துக் கூட்டிப் படித்துவிட்டு, "சரியாத்தான் எழுதியிருக்காங்க" என்று மேலே இருந்தவர்களுக்குச் சொன்னது.

எல்லோருமாகச் சேர்ந்து ஆமையை மேலே தூக்கினார்கள், பொன்னுத்தாயி மறுபடி பன்றியாரிடம் கிளம்பினாள். இந்தத் தடவை ஏழு குஞ்சுகளையும் கூட்டிக்கொண்டு போய்ப் பன்றியார் வீட்டு வாசலில் கத்த விட்டாள். தூக்கம் கெட்ட பன்றியார் மஞ்சள் அடித்த இரும்புத் தடுப்பு இரண்டை அனுப்பி வைத்தார். அன்றைக்குத்தான் பொன்னுத்தாயி வயிறாரத் தின்றாள். கரடி வந்து தடுப்பின் மேல் கம்பளியைக் காயப் போட்டது. அதைக்கூட அவள் ஒன்றும் சொல்லவில்லை.

அப்போதுதான் சிங்கராஜா சுற்றுப்பயணம் வருவதாகச் சேதி வந்தது. காவல் ஓநாய்கள் வந்து தடுப்புகளைத் தூக்கின.

"ஐயா, அதை எங்கே கொண்டு போறீங்க?"

"ராஜா வர்ற பாதைக்கு."

"அந்தப் பாதையில பள்ளமே இல்லையேய்யா!"

"பள்ளம் இருக்கிற பாதையில ராஜாவை எப்படிம்மா கூட்டிட்டு வர முடியும்?"

"அப்ப இந்தப் பள்ளத்துக்குப் பாதுகாப்பு?"

"பள்ளத்தை யாரும்மா கடத்திட்டுப் போகப் போறா?" என்று சொல்லிவிட்டு ஓநாய்கள் நடந்தன.

மேளச் சத்தம் கேட்டதும் சின்னான் வேடிக்கை பார்க்க ஓடினான், வழக்கம்போல வானத்தைப் பார்த்துக்கொண்டு. பொன்னுத்தாயி பறந்து போய்க் குரங்கின் தலைப்பாகையைப் பிடுங்கினாள்.

"சித்தி! அது என்னோடது!"

"உன் தலை எங்கேயும் ஓடிடாது, விடுடா!"

பள்ளத்துக்கு முன்னால் கிடந்த இரண்டு குச்சிகளை நட்டு, துணியைப் பாதைக்குக் குறுக்கே இழுத்துக் கட்டினாள். "சின்னா, இந்தச் செவப்பைத் தாண்டினே, காலை ஒடிச்சு அடுப்புல வச்சிடுவேன்!" என்றாள். வீட்டில் அடுப்பே கிடையாது. இருந்தாலும் சின்னான் பயந்து நின்றான்.

அங்கே ராஜபாதையில் வேறொரு கூத்து. ஓநாய்கள் பாதையை இரண்டு முனையிலும் நன்றாக அடைத்துவிட்டதால், ராஜாவே உள்ளே நுழைய முடியவில்லை. ராஜா வந்து சேராமல் தடுப்பை எடுக்கக் கூடாது என்பது உத்தரவு. எனவே மந்திரி நரி, ராஜாவைப் பள்ளத்துப் பாதை வழியாகச் சுற்றி அழைத்து வந்தது.

சிங்கராஜா குறுக்கே கட்டியிருந்த சிவப்புத் துணியைப் பார்த்தார். பட்டத்துக்கு வந்த நாள் முதலாக, சிவப்பாக எது கட்டியிருந்தாலும் வெட்டித்தான் அவருக்குப் பழக்கம்.

"இது நிகழ்ச்சியில இல்லையே?" என்றார்.

"கடைசி நேரத்துல யாரோ சேர்த்திருக்காங்க, ராஜா."

"தாண்டாதீங்க சாமி! தாண்டாதீங்க!" என்று பொன்னுத்தாயி சிறகை அடித்துக்கொண்டு கத்தினாள். மேளத்தில் அது வாழ்த்துப் போலக் கேட்டது. ராஜா அவளைப் பார்த்துக் கும்பிட்டார். நகத்தால் துணியை வெட்டினார். கூட்டத்தைப் பார்த்துச் சிரித்தபடி வலது காலை எடுத்து வைத்தார். காணாமல் போனார்.

துணி வெட்டியாகிவிட்டதே என்று கூட்டம் கைதட்டியது.

நரி எட்டிப் பார்த்தது. ராஜா பலகைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து அதைப் படித்துக்கொண்டிருந்தார். ராஜா விழுந்தார் என்று எப்படிச் சொல்வது? ராஜாவே ஒருமுறை செருமினார்.

"இந்தப் பள்ளத்தை," என்று உள்ளேயிருந்து குரல் வந்தது, "காட்டு மக்களுக்கு அர்ப்பணிக்கிறேன்."

மறுபடியும் கைதட்டல். எங்கிருந்தோ பன்றியார் மாலையோடு ஓடி வந்தார்.

அடுத்த வாரமே கறுப்புக் கல்லில் கல்வெட்டு வந்தது. ராஜா பெயர் பெரிதாக, பன்றியார் பெயர் சிறிதாக. கல்வெட்டில் யாரும் கிறுக்கிவிடக் கூடாது என்று பள்ளத்தையும் சேர்த்துச் சுற்றிலும் கம்பி வேலி வந்தது. பூந்தொட்டி வந்தது, விளக்கு வந்தது, இரண்டு ஓநாய்கள் காவலுக்கு வந்தன. கால்வாய் மட்டும் வரவில்லை. சின்னான் வானத்தைப் பார்த்துக்கொண்டே போய் வேலியில் முட்டிக்கொள்வான், திரும்பி நடப்பான். பொன்னுத்தாயி நிம்மதியாகத் தூங்கினாள்.

கொஞ்ச நாளில் பன்றியார் அவள் புதருக்குப் பின்பக்கம் தோண்ட ஆரம்பித்தார். "போய்த் தடுப்பு கேளு பொன்னுத்தாயி" என்றது ஆமை. அவள் கேட்கப் போகவில்லை. நேரே குரங்கிடம் போனாள்.

"தம்பி, அந்தச் செவப்புத் துணி மிச்சம் இருக்கா? அப்படியே ராஜா ஊர்ல இருக்காரான்னு விசாரிச்சுச் சொல்லு."

நீதி: பள்ளத்துக்கு வேலி கேட்டால் கிடைக்காது, கல்வெட்டு கேள், வேலி தானாக வரும்.